அண்ணன் வெட்டுனது

ஈப்போ கோர்ட்டில் குப்பாயி சாட்சிக்கூண்டு ஏறினாள். எதிர்க்கூண்டில் அவள் அண்ணன் பத்துமலை. தோட்டத்துக் கங்காணியை வெட்டிக் கொன்றதாக வழக்கு. குற்றம் என்று ஆகிவிட்டால் தூக்குதான். பொய் சொன்னால் அவளையும் உள்ளே வைப்போம் என்று வாசலிலேயே போலீஸ்காரர் மிரட்டியிருந்தார்.

"அன்னைக்குக் காலையில ஒங்கண்ணன் என்ன செஞ்சிக்கிட்டு இருந்தான்? பயப்படாமச் சொல்லு" என்றார் துபாசி.

"அண்ணன் வெட்டிக்கிட்டு இருந்துச்சுங்க."

துபாசி அதை இங்கிலீஷில் சொன்னதும் ஜட்ஜ் துரை பேனாவை எடுத்தார். பத்துமலை தலையைத் தொங்கப் போட்டான்.

அவனுடைய வக்கீல் துள்ளி எழுந்தார். "ஓய் துபாசி, நீர் டவுன் ஆளு! தோட்டத்துல வெட்டுறதுன்னா ரப்பர் மரத்தைச் சீவிப் பால் எடுக்கிறதுய்யா. ஒரு வார்த்தைய மாத்திச் சொல்லி அப்பாவி கழுத்துல கயித்தப் போட்டுடாதீர்!" அதையே துரைக்கு இங்கிலீஷிலும் விளக்கினார்.

கோர்ட்டே சிரித்தது. துரையும் தலையாட்டினார். கங்காணி செத்த நேரத்தில் பத்துமலை மரம் வெட்டிக்கொண்டிருந்தான் என்று முடிவாகி, அவனை விட்டுவிட்டார்கள்.

குப்பாயிக்கு ஒன்றும் புரியவில்லை. வெளியே வந்ததும் அண்ணன் கையைப் பிடித்தாள்.

"நான் மரத்தச் சொல்லவே இல்லியேண்ணே. வக்கீலய்யா ஏன் மரம்னு சொன்னாரு?"

"சும்மா வா புள்ள."

"இல்லண்ணே, அன்னைக்கு விடியறதுக்கு முன்னாடியே மழ கொட்டுச்சுலா. மழையில எவன் மரம் வெட்டுவான்?"

பத்துமலை அவள் வாயைப் பொத்தினான்.