ஜன்னல் வலை

கோப்பை யாருக்கென்று முடிவாகும் கடைசிப் பந்தயத்தின் கடைசிச் சுற்றில், முன்னால் போன இரண்டு கார்களும் உரசிக்கொண்டு சுவரில் மோதின. மஞ்சள் காரில் எழிலரசியின் கணவன். நீலக் காரில், பார்வையாளர் மேடையில் அவள் பக்கத்தில் உட்கார்ந்திருந்த ரெஜினாவின் கணவன்.

"உங்க வீட்டுக்காரரு இன்னிக்கு எங்க வண்டிப் புகையத்தான் குடிக்கணும்க்கா" என்று காலையிலிருந்து சீண்டிக்கொண்டிருந்தவள் ரெஜினா. "முதல்ல எங்க வண்டியத் தொடச்சொல்லுடி உன் ஆள" என்று எழிலரசியும் விடவில்லை.

இப்போது இருவர் கண்களும் கார்களின் ஜன்னல்களிலேயே இருந்தன.

அந்தக் கார்களில் ஓட்டுபவர் பக்கத்து ஜன்னலுக்குக் கண்ணாடி கிடையாது, வலைதான். மோதினால், உள்ளே இருப்பவர் தன் கையாலேயே அதை அவிழ்த்துவிட வேண்டும். நான் நன்றாக இருக்கிறேன் என்று அதற்கு அர்த்தம்.

தூசி அடங்கியது. நீலக் காரின் வலை சட்டென்று விழுந்தது.

ரெஜினா எழுந்து குதிக்கவில்லை. அவள் கை எப்போது தன் கைக்குள் வந்தது என்று எழிலரசிக்குத் தெரியாது. அது இன்னும் இறுகியது.

"விழும்க்கா. பாருங்க, விழும்."

மஞ்சள் காரின் வலை அசைந்தது. நின்றது. ஒரு முனை கழன்றது. பிறகு, கொடியில் காய்ந்த துணியை உருவுவதுபோலச் சாவகாசமாக முழுவதும் இறங்கியது.

"இதுலயும் லேட்டு, இந்த மனுசன்!" என்று எழிலரசி சிரித்தாள்.

"மூச்சு விடுங்கக்கா முதல்ல."

ஒலிபெருக்கி யாரையோ வாழ்த்திக்கொண்டிருந்தது.

"யாரு பேருடி சொன்னாங்க?"

"காதுல விழலக்கா."

இருவரும் கையை விடாமலே படியிறங்கினார்கள்.