சொட்டு மருந்தா, மாத்திரையா?

பூனையைக் கடத்துவது இத்தனை சுலபம் என்று தெரிந்திருந்தால், மைத்துனனும் அவன் மாமாவும், அதாவது அக்காள் புருஷனும், சைக்கிள் திருடியே காலத்தை வீணாக்கியிருக்க மாட்டார்கள். பட்டப்பகல். பங்களாவின் ஜன்னல் திறந்து கிடந்தது. விளிம்பில் மூடி போட்ட கூடை. உள்ளே கொழுகொழுவென்று ஒரு வெள்ளைப் பூனை. கூடையில் கட்டியிருந்த அட்டையில் பங்களா அம்மாவின் போன் நம்பர்கூட இருந்தது.

தாங்கள் குடியிருந்த அச்சகத்து மாடி அறைக்கு வந்து சேர்ந்ததும் மாமா போன் போட்டார்.

"உங்க பூனை எங்ககிட்ட இருக்கு. முழுசா வேணும்னா கேக்கற பணத்தைக் கொண்டு வரணும்."

எதிர்முனையில் ஒரு விசும்பல். "தரேன் தம்பி. ஆனா இன்னைக்கு அதுக்குத் தெள்ளுப்பூச்சி மருந்து குடுக்கற நாள். தவறினா உடம்பெல்லாம் சொறிஞ்சு புண்ணாக்கிக்கும். புண்ணோட வந்தா ஒரு காசு தரமாட்டேன். கூடைப் பையில மாத்திரையும் இருக்கு, சொட்டு மருந்தும் இருக்கு. ஏதாவது ஒண்ணுதான், ரெண்டும் கூடாது."

"மாத்திரைதான் மாப்ளே சுலபம்," என்றார் மாமா. "வாயில போட்டா விழுங்கிட்டுப் போகுது. இதுல என்ன இருக்கு?"

கூடை திறந்தது. அடுத்த கால் மணி நேரம் நடந்ததை முழுதாக எழுதினால் ஒரு பக்கம் போதாது. மாத்திரை மூன்று தடவை உள்ளே போனது. மூன்று தடவையும் கரையாமல் திரும்பி வந்தது. நாலாவது தடவை மாமாவின் விரல்தான் உள்ளே போனது.

"மாமா, சொட்டு மருந்தே தேவலை," என்றான் மைத்துனன், பீரோ மேலிருந்து.

மறுபடி போன். அந்த அம்மா பொறுமையாகச் சொல்லிக்கொடுத்தார். "பிடரியில முடியை விலக்கி, தோல் மேல விடணும். நாக்கு எட்டற இடத்துல விட்டா நக்கிட்டு நுரை கக்கும். ஒருத்தர் கெட்டியா பிடிச்சுக்கங்க."

போர்வை கிழிந்தது. மாமாவின் சட்டை கிழிந்தது. மைத்துனனின் மூக்கில் மூன்று கோடுகள் விழுந்தன. ஒரு வழியாக மருந்து பிடரியில் இறங்க, பூனை தானாகவே கூடைக்குள் போய்ப் படுத்துக்கொண்டது. இருவரும் பரீட்சையில் பாஸான பிள்ளைகள்போலக் கட்டிப்பிடித்துக்கொண்டார்கள்.

"போட்டாச்சும்மா," என்றார் மாமா போனில். "பணம்?"

"நீங்க நல்லா இருக்கணும் தம்பி. பேங்க் ரெண்டு நாள் லீவு. அதுவரைக்கும் நீங்களே வெச்சுக்கங்க. சாயங்காலம் காதுக்கு ஒரு மருந்து இருக்கு. காலையில கண்ணுக்கு ஒண்ணு."

மாமா மைத்துனனைப் பார்த்தார். மைத்துனன் கூடையைப் பார்த்தான்.

அரை மணி நேரத்தில் கூடை அதே ஜன்னலில் இருந்தது. கூடவே, 'மன்னிச்சிடுங்க' என்று ஒரு சீட்டு.

பங்களா அம்மா பூனையின் பிடரியைப் பார்த்துத் திருப்தியாகி, கால்நடை டாக்டருக்குப் போன் செய்தார்.

"இந்த மாச மருந்து போட்டாச்சு டாக்டர்."

"யாரு போட்டாங்க? போன மாசம் போட்ட எங்க கம்பவுண்டருக்கு இன்னும் தையலே பிரிக்கலையே."

"ரெண்டு பேர் வந்தாங்க. பாவம், நல்ல பிள்ளைங்க. போன மாசம் முதல்ல வந்தவங்க மாத்திரையைப் பார்த்ததுமே ஓடிட்டாங்க, அதான் உங்க கம்பவுண்டரைக் கூப்பிட வேண்டியதாப் போச்சு."

போனை வைத்துவிட்டு, காலண்டரில் அடுத்த மாதம் அதே தேதிக்கு வட்டம் போட்டு, பக்கத்தில் மறக்காமல் எழுதி வைத்தார்: 'ஜன்னலைத் திறந்து வைக்கவும்.'