முகத்தை இரவல் கேட்ட குரல்

மாடி வீட்டுக்குப் புதிதாகக் குடிவந்தவள் கீழ் வீட்டுச் சோபாவில் கால்களைத் தூக்கி வைத்துக்கொண்டாள். எதிரே டிவியில் தமிழில் டப் செய்யப்பட்ட ஒரு ஜப்பானியத் திகில் அனிமே தொடரின் முதல் எபிசோட் ஓடிக்கொண்டிருந்தது. குளியலறைக் கண்ணாடிக்குள் இருந்த பேய், ஒரு சின்னப் பெண்ணிடம் கொஞ்சலாகக் கேட்டது.

"உன் முகத்தை ஒரே ஒரு நாள் இரவல் கொடு, கண்ணு."

"ஐயோ, கொடுத்துடாதேடி!"

அலறியவள், பக்கத்தில் இருந்த வீட்டுக்காரியின் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள்.

எபிசோட் முடிந்ததும் வீட்டுக்காரியின் கணவன் விளக்கைப் போட்டான்.

"படமும் பிரமாதம்தான், அண்ணா," என்றாள் குடிவந்தவள். "ஆனா அந்தப் பேயோட குரல் இருக்கே! தேன் மாதிரி ஆரம்பிச்சு தேள் மாதிரி கொட்டிடுச்சு. யாரு பேசினாங்களோ, அவங்க வாய்க்குச் சக்கரைதான் போடணும்!" என்றவள் வீட்டுக்காரியிடம் திரும்பினாள். "என்னக்கா, வந்ததுலேருந்து சிரிச்சுக்கிட்டே இருக்கீங்க, ஒரு வார்த்தை பேசல? பயத்துல வாயடைச்சுப் போச்சா?"

வீட்டுக்காரி கணவனைப் பார்த்தாள்.

"அந்தக் குரலே இவளோடதுதாம்மா," என்றான் அவன். "தொண்டையில கட்டி வந்து, குரல்வளையையே எடுக்கணும்னு டாக்டர் சொல்லிட்டார். ஆபரேஷனுக்கு நாள் குறிச்சதும் இவ நேரா ஸ்டூடியோவுக்குப் போனா. தொடர் மொத்தத்தையும் பேசி முடிச்சுட்டுத்தான் ஆஸ்பத்திரியில படுத்தா."

குடிவந்தவளுக்குக் கண் கலங்கியது.

"கடைசி எபிசோட் வரைக்கும் நீங்கதானாக்கா?"

வீட்டுக்காரி பெருமையோடு தலையசைத்தாள்.

"அப்போ அடுத்ததையும் போடுங்கண்ணா. பயந்து செத்தாலும் பரவாயில்ல, அக்கா பேசுறதை முழுசாக் கேட்டுட்டுத்தான் நான் எழுந்திருப்பேன்."