செவலையின் சுழி

ஆராய்ச்சி நிலைய டாக்டர் நாற்காலியிலும், அழகுமலை கட்டிலிலும், அவன் மனைவி சிட்டம்மாள் தரையில் கன்றை அணைத்தபடியும் இருந்தார்கள். செத்துப்போன செவலைக் காளையின் காதுத்தோலிலிருந்து உண்டாக்கிய கன்று அது.

"அதே செவலைதான்னு எழுதிக் குடுங்கம்மா. இல்லேன்னா சோதனை தோல்வின்னு கன்னுக்குட்டியத் திருப்பிக் கொண்டுபோயிருவாங்க," என்றார் டாக்டர்.

"உரிச்சு வெச்சாப்ல இருக்கு. எழுது புள்ள," என்றான் அழகுமலை.

கன்றின் முதுகைத் தடவிய சிட்டம்மாளின் விரல் நின்றது. "சுழி ரெண்டு விரக்கடை தள்ளியிருக்கே. பொய்யும் எழுத மாட்டேன், கன்னுக்குட்டியயும் விடமாட்டேன்."

எழுதினாள்: "ஐயா, இது செவலை இல்லை. அவன் தம்பி. அண்ணன் போன வீட்டில் தம்பி இருப்பதுதான் எங்கள் முறை."

உறையைச் சோற்றுப் பருக்கையால் ஒட்டி, டாக்டர் கையிலேயே கொடுத்தனுப்பினாள்.