சிப்பாய் குதிரைக்குச் சொன்னது

புதன்கிழமைகளில் பியற்றிஸ் கிழக்கு லண்டன் பிளேஸ்டோவில் பஸ் ஏறி, அந்தச் சின்ன அருங்காட்சியகத்துக்கு வருவா. ஊமைப்படம் ஓடும் அறையில், முன்வரிசை வாங்கில் தனியாக உட்கார்ந்திருப்பா.

திரையில் நூற்றிருபது வருஷத்துக்கு முந்திய லண்டன் தெரு. சிப்பாய்கள் குதிரைகளைக் குளிப்பாட்டுகிறார்கள். இடைக்கிடை கமராவைப் பார்த்து ஏதோ சொல்கிறார்கள். அவ்வளவுதான் படம்.

அன்று பியற்றிஸ் சிரித்துவிட்டா. அங்கே வேலைசெய்யும் அஜித்தா முன்னால் வந்து நின்றாள்.

"ஏன் அன்ரி சிரிக்கிறியள்?"

"அந்த மீசைக்காரன் அசையாமல் நிக்கச் சொல்லிக் குதிரையைக் கெஞ்சுறான். நிண்டால் தன்ர அப்பிளில பாதி தருவானாம்."

"சத்தமே இல்லாத படம். உங்களுக்கு எப்பிடித் தெரியும்?"

"வடிவாப் பார் பிள்ளை. எல்லாரும் கதைச்சுக்கொண்டுதான் நிக்கினம்."

அஜித்தா சிரித்துக்கொண்டே கதவடிக்குப் போனாள். "பூட்டப்போறம் அன்ரி, வாங்கோ," என்றாள். பியற்றிஸ் அசையவில்லை. உரத்துக் கூப்பிட்டும் திரும்பவில்லை.

அஜித்தா திரும்பிவந்து அவவின் முகத்துக்கு நேரே குனிந்தாள்.

"அன்ரி, உங்களுக்குக் காது கேக்காதோ?"

"இருபது வருஷமாக் கேக்காது. உதட்டைப் பாத்துத்தான் விளங்கிக்கொள்ளுறனான்."

"வீட்டில ஆக்கள் இல்லையோ?"

"மகன், மருமகள், பேரப்பிள்ளையள் எல்லாரும் இருக்கினம். போனைக் குனிஞ்சு பாத்துக்கொண்டுதான் கதைப்பினம். ஒருத்தற்ற வாயும் எனக்குத் தெரியாது."

பியற்றிஸ் திரையைக் காட்டினா.

"இவையள் மட்டுந்தான் நிமிந்து, என்ர முகத்தைப் பாத்துக் கதைக்கினம்."