சம்படத்தில் வெட்டிய பெயர்

மூடியை நெம்பித் திறந்தாள்.

கற்கண்டு.

அடிப்பாகம் மறையும் அளவுக்கு, சின்னச் சின்னதாய் வெட்டிய டயமண்ட் கற்கண்டு.

அவள் வீட்டில் கற்கண்டு வாங்குவதே இல்லை.

நாளைக்குத் தங்கை வீட்டார் வருகிறார்கள் என்று பெரிய இட்லிக் கொப்பரையை எடுக்க ஸ்டூல் போட்டு ஏறியிருந்தாள். பரணின் மூலையில், கொப்பரைக்குப் பின்னால் இருந்தது இந்த எவர்சில்வர் சம்படம். வயிற்றுப் பகுதியில் மகன் பெயர். கோமதிநாயகம். அவனுக்குக் காது குத்தியபோது பெயர் வெட்டி அவள் அண்ணன் கொடுத்தது.

இது இங்கே இருக்க முடியாது.

எதிர்வீட்டில் இருக்க வேண்டியது. போலீஸ் முத்திரை வைத்த கதவுக்கு உள்ளே.

அது நடந்த அன்று காலை தேங்காய்ப்பால் சொதி வைத்தாள். எதிர்வீட்டு ரெஜினா டீச்சருக்குப் பிடிக்குமே என்று இந்தச் சம்படத்தில்தான் ஊற்றிக் கொடுத்தாள். மதியம் தென்காசிக்குப் பஸ் ஏறிவிட்டாள், தங்கையைப் பார்க்க. மறுநாள் விடிந்ததும் போன் வந்தது. டீச்சரை யாரோ கழுத்தை நெரித்துப் போட்டிருக்கிறார்கள். முந்தின நாள் இருட்டியதும் நடந்திருக்கும் என்றார்கள்.

டீச்சர் ஒரு பாத்திரத்தையும் வெறுமனே திருப்பித் தந்ததில்லை. கழுவித் துடைத்து, ஒரு கை கற்கண்டு போட்டு, அன்று சாயங்காலமே வந்து நிற்பார்.

“வெறும் பாத்திரம் குடுக்கப்பிடாதுல்லா.”

அப்படியானால் அன்றும் வந்திருக்கிறார். இந்தக் கதவைத் தட்டியிருக்கிறார்.

யாரோ திறந்திருக்கிறார்கள்.

இந்த வீட்டில் அவளும் மகனும் மட்டும்தான்.

விசாரிக்க வந்த இன்ஸ்பெக்டரம்மாவிடம் மகன் நாயகம் சொன்னபோது அவள் பக்கத்தில்தான் நின்றாள். “அன்னைக்கு நான் வீட்டுப் பக்கமே வரல மேடம். ஃபிரெண்டு ரூம்ல இருந்தேன்.”

மறந்திருப்பான்.

பாத்திரம் வாங்கி வைத்ததை மறக்கலாம். வீட்டுக்கு வந்ததையே மறக்க முடியுமா?

இந்த வயதில் பொய் சொல்ல எத்தனையோ இருக்கும். ஒரு பெண்ணாக இருக்கலாம். குடித்திருக்கலாம். ஒவ்வொன்றாக நினைத்துப் பார்த்தாள். ஒவ்வொன்றுக்காகவும் அவனை மன்னித்தாள்.

எதற்கும் சம்படத்தைப் பரணில் வைக்கத் தேவை இருக்கவில்லை.

மறதியாய் வைக்கிறவன் அடுப்பு மேடையில் வைப்பான். கொப்பரைக்குப் பின்னால் வைக்க, ஸ்டூல் போட்டு ஏற வேண்டும்.

டீச்சர் போன பிறகு குடியிருப்பில் யாரும் யாரையும் நேராகப் பார்க்கவில்லை. மாடிப்படியில் பின்னால் காலடி கேட்டால், சுவரோரம் ஒதுங்கி, வருகிறவரை முன்னே போகவிட்டார்கள். கதவுகளுக்குப் புதிதாய்ச் சங்கிலி வந்தது. தண்ணீர் கேன் போடும் மாடசாமியைப் பிடித்துக்கொண்டு போனதும்தான் எல்லோருக்கும் மூச்சு வந்தது.

அவளுக்கும்.

போலீஸ் கேட்டபோது அவளும் சொன்னாள். “டீச்சர் வீட்ல மட்டும் உள்ள போயி வைப்பான்.”

டீச்சரால் கேனைத் தூக்க முடியாது. அதனால்தான் உள்ளே போவான். அவளுக்கு அது தெரியும்.

அதை மட்டும் அவள் சொல்லவில்லை.

இப்போது அவன் மனைவி கேன் சுமக்கிறாள். எந்த வீட்டிலும் கதவு திறப்பதில்லை. அங்கனயே வச்சிட்டுப் போ என்று உள்ளிருந்து குரல் மட்டும் வரும்.

அவள் சம்படத்துக்குள் பார்த்தாள்.

தின்றுவிட்டால் தீர்ந்தது. கழுவிக் கவிழ்த்தால் அப்புறம் இதுவும் வீட்டுப் பாத்திரங்களில் ஒன்று.

ஒன்றை எடுத்து வாயில் போட்டாள். கரைய ஆரம்பித்தது.

உள்ளங்கையில் துப்பினாள்.

கீழே பைக் நிற்கும் சத்தம். சம்படத்தை மூடி, மேசை நடுவில் வைத்தாள். பெயர் வாசலைப் பார்த்து இருந்தது.

“யம்மா, காப்பி உண்டா, இல்ல கேஸ் தீந்துட்டா?” சிரித்துக்கொண்டே வந்து கதவுச் சங்கிலியை மாட்டினான்.

மேசையைப் பார்த்தான்.

டீச்சர் குடுத்தாங்க, சொல்ல மறந்துட்டேன். அதைச் சொன்னால் போதும். பயந்துட்டேம்மா என்றாலும் போதும். எதைச் சொன்னாலும் நம்பிவிட அவள் தயாராக நின்றாள்.

அவன் செம்பை எடுத்துத் தண்ணீர் குடித்தான். மெதுவாக, முழுவதும். செம்பை வைத்துவிட்டு ஒற்றை விரலால் சம்படத்தைத் திருப்பினான்.

பெயர் சுவர்ப் பக்கம் போயிற்று.

“காப்பி வேண்டாம்,” என்றான்.

அவள் அந்த விரலையே பார்த்துக்கொண்டிருந்தாள். காது குத்திய அன்று அழுகையை நிறுத்த அவள் பிடித்துக்கொண்ட விரல்.

கதவு தட்டும் சத்தம்.

“எக்கா, தண்ணி.”

மாடசாமியின் மனைவி. படியேறி வந்த மூச்சு உள்ளே வரை கேட்டது.

“அங்கனயே வச்சிட்டுப் போகச் சொல்லும்மா,” என்றான்.

அவள் மேசைக்குப் போனாள். சம்படத்தைப் பழையபடி வாசல் பக்கம் திருப்பி வைத்தாள். கதவுச் சங்கிலியை எடுத்தாள்.

வெளியே அந்தப் பெண், வாசற்படிக்கு அப்பால் கேனை இறக்கக் குனிந்திருந்தாள். கதவு திறந்ததும் திகைத்து நிமிர்ந்தாள்.

“உள்ள வந்து வை, தாயி. மேசைக்குப் பக்கத்துல. ஒனக்கு ஒண்ணு காட்டணும்.”

பின்னால் நாற்காலி நகர்ந்தது.

அவள் திரும்பிப் பார்க்கவில்லை.