ஒன்பது நிமிடம்

"போனை இந்தப் பையில போடுங்க சார். என்கூட மலை ஏறுறவங்க யாரும் போன் கொண்டுவரக் கூடாது. அதான் இங்க சட்டம்."

பத்துப் பேர் மறுபேச்சில்லாமல் போட்டுவிட்டார்கள். அறுபது வயது மதிக்கத்தக்க ஒருவர் மட்டும் போனை நெஞ்சோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டார்.

"இது இல்லாம என்னால நடக்க முடியாதுங்க."

எனக்குச் சுர்ரென்று கோபம் ஏறியது. "வழிகாட்டின்னு நான் ஒருத்தன் எதுக்கு இருக்கேன்? மலைக்கு வந்தும் அதையேதான் பாக்கணும்னா வீட்டுலயே இருந்திருக்கலாமே!"

அப்போதும் மனுஷன் போனைத் தரவில்லை. சரி, தொலையட்டும் என்று விட்டேன்.

வழிநெடுக இதே கூத்துதான். மரங்கொத்தியைக் காட்டினால் எல்லோரும் அண்ணாந்து பார்க்கிறார்கள், இவர் குனிந்து போனைப் பார்க்கிறார். நான் இடப்பக்கம் போனால் இவர் வலப்பக்கப் புதருக்குள் நுழைந்து, முள் கிழித்த கையோடு வருகிறார்.

"ஐயாவுக்குப் பேரன் ஏதோ கேம் போட்டுக் கொடுத்திருக்கான்போல" என்று ஒரு அம்மா சொல்ல, எல்லோரும் சிரித்தார்கள். நானும்தான்.

உச்சிக்குக் கொஞ்சம் கீழே, ஒன்றுமே இல்லாத ஒரு பாறையோரம் நின்றுவிட்டார். கூப்பிட்டேன். அசையவில்லை. திரும்பிப் போய், போனை வெடுக்கென்று பிடுங்கினேன்.

திரையில் மலையின் வரைபடம். அதில் வளைந்து வளைந்து ஒரு சிவப்புக் கோடு.

"என் பொண்ணோட போனுங்க" என்றார். "போன வருஷம் அவ இங்க நடந்த வழி அப்படியே பதிஞ்சிருக்கு. அதான் அவளோட கடைசி நடை. அடுத்த மாசமே நோய் கொண்டுபோயிடுச்சு."

போனை அவர் கையிலேயே திருப்பி வைத்தேன்.

"வாரா வாரம் மலைக்குக் கூப்பிடுவா. 'ஒரே ஒரு தடவை வந்து பாருங்கப்பா'ன்னு கெஞ்சுவா. வேலை, வேலைன்னு ஒருநாளும் வரலை, பாவி நான்." கோட்டில் ஒரு புள்ளியைத் தொட்டுக் காட்டினார். "இந்த இடத்துல ஒன்பது நிமிஷம் நின்னிருக்கா. வேற எங்கயும் இவ்வளவு நேரம் நிக்கலை. அப்படி எதைத்தான் பாத்திருப்பா? நீங்க மலையெல்லாம் தெரிஞ்சவராச்சே, சொல்லுங்களேன்."

சுற்றிச் சுற்றிப் பார்த்தேன்.

எட்டு வருஷமாக அந்தப் பாறையைத் தாண்டித்தான் போகிறேன். ஒரு தடவைகூட நான் அங்கே நின்றதில்லை.